மாக்ஸ் லெவ்சின்: முகம் தெரியாதவரை நம்பிப் பணம் கொடுப்பது எப்படி?

கேள்வி இது. ஆறு வருடமாக ஒரு வங்கிக்கு ஜாவாவில் மென்பொருள் எழுதும் ஒருவர், சொந்தமாக ஃபின்டெக் நிறுவனம், அதாவது பணச் சேவையை மென்பொருள் வழியாகத் தரும் நிறுவனம், தொடங்க நினைக்கிறார். "மாக்ஸ் லெவ்சின் எப்படி வந்தார் என்று படித்துப் பார்" என்று அவருடைய மேனேஜர் சொல்லியிருக்கிறார். பேபாலைத் தொடங்கியவர்களில் ஒருவர் என்பது மட்டும்தான் இவருக்குத் தெரியும். லெவ்சினிடம் கற்றுக்கொள்ள என்ன இருக்கிறது, வேலையை இப்போதே விட்டுவிடலாமா என்று கேட்கிறார்.

நான் பதினொரு வருடமாகப் பணப் பரிவர்த்தனையில் மோசடி பிடிக்கும் ரிஸ்க் டீமில் இருக்கிறேன். இந்த வேலையில் இருப்பவர்களுக்கு லெவ்சின் ரொம்ப முக்கியமான ஆள். நாங்கள் தினமும் செய்கிற பல காரியங்களை முதலில் செய்து பார்த்த டீம் அவருடையது. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

வெளியிலிருந்து பார்த்தால் அவருடைய இரண்டு பெரிய கம்பெனிகளும் வேறு வேறு தொழில். பேபால் பணம் அனுப்புகிறது, அஃபர்ம் தவணைக்குக் கடன் கொடுக்கிறது. உள்ளே போனால் இரண்டிலும் இருப்பது ஒரே கேள்விதான்: முன்னே பின்னே தெரியாத ஒருவரை நம்பிப் பணத்தைக் கையில் கொடுக்கலாமா? நம் மொழியில் நாணயம் என்றால் காசு, நாணயமான ஆள் என்றால் வாக்குத் தவறாதவர். இந்த இரண்டு அர்த்தத்துக்கும் நடுவில்தான் லெவ்சின் இருபத்தைந்து வருடத்துக்கும் மேலாக உழைத்துக்கொண்டிருக்கிறார். இதை மனதில் வைத்துக்கொண்டு படித்தால் அவருடைய வாழ்க்கை சட்டென்று புரியும்.

பிறந்தது 1975 ஜூலை 11, கீவ் நகரில், யூதக் குடும்பம். அப்போது உக்ரைன் சோவியத் யூனியனில் இருந்தது. பாட்டி ஃப்ரீமா லுகாட்ஸ்கயா வானியற்பியல் ஆராய்ச்சியாளர், அவரைப் பற்றி லெவ்சின் இன்றைக்கும் பெரிய மரியாதையோடு பேசுவார். அம்மா கதிரியக்கத்தை அளக்கும் ஆய்வகத்தில் வேலை பார்த்தார், அதனால் 1986-ல் செர்னோபில் அணு உலை வெடித்தபோது என்ன ஆபத்து என்று அந்தக் குடும்பத்துக்கு மற்றவர்களுக்கு முன்னாலேயே தெரிந்தது, பிள்ளைகளை உடனே ஊரை விட்டு அழைத்துப் போய்விட்டார்கள். சிறு வயதில் லெவ்சினுக்கு மூச்சுக் கோளாறு. நுரையீரல் பலப்படட்டும் என்று கிளாரினெட் வாசிக்கப் பழக்கினார்கள்.

கம்ப்யூட்டர் தொட்டது அங்கேதான். ஆனால் கம்ப்யூட்டர் முன்னால் உட்காரக் கிடைத்த நேரம் கொஞ்சம். ஆகவே நோட்டில் பென்சிலால் புரோகிராம் எழுதுவார், அதை மனதுக்குள்ளேயே ஓட்டிப் பார்த்துத் தப்பைத் திருத்துவார், இடம் கிடைக்கும்போது போய் டைப் செய்வார். இதை நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் படித்தேன், இன்னும் மறக்கவில்லை, ஏனென்றால் பின்னால் அவர் செய்த வேலைகளில் அந்தப் பழக்கம் அப்படியே தெரிகிறது. மெஷின் சின்னதாக இருந்தால் கணக்கைச் சுருக்கு, குறை சொல்லாதே.

1991-ல் குடும்பம் அகதியாக அமெரிக்கா போய் சிகாகோவில் குடியேறியது. பையனுக்குப் பதினாறு வயது. குப்பையில் கிடந்த ஒரு டிவியைச் சரி செய்து, அதில் ஓடிய நாடகத் தொடர்களைப் பார்த்தே ஆங்கிலம் பழகினார். அப்புறம் அர்பானா-ஷாம்பெய்னில் இருக்கும் இலினாய் பல்கலைக்கழகத்தில் கணினி அறிவியல். உலகத்தை இணையத்துக்கு இழுத்துவந்த மொசைக் பிரவுசர் 1993-ல் பிறந்த இடம் அது, அந்த வளாகத்திலேயே கம்பெனி தொடங்கும் காய்ச்சல் இருந்தது. லூக் நோசெக், ஸ்காட் பேனிஸ்டர் என்ற இரண்டு நண்பர்கள் அங்கே கிடைத்தார்கள், மூவரும் சேர்ந்து விளம்பரக் கம்பெனி ஒன்றைத் தொடங்கினார்கள். அது நிலைக்கவில்லை. அந்த நாட்களில் லெவ்சின் முதலீட்டாளரிடம் போகவில்லை, தன் கிரெடிட் கார்டுகளைத் தேய்த்தார். திருப்பிக் கட்ட முடியாமல், கடனை ஒழுங்காகக் கட்டுபவரா என்று காட்டும் எண்ணான கிரெடிட் ஸ்கோர் நாசமாகிவிட்டது. இந்த விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு திரும்பி வருகிறேன்.

1997-ல் பட்டம் வாங்கிவிட்டு, அடுத்த வருடக் கோடையில் கலிஃபோர்னியாவின் பாலோ ஆல்டோவுக்குப் போனார். தங்கியது நண்பர் பேனிஸ்டரின் வீட்டுத் தரையில். ஒரு நாள் வெயில் தாங்காமல், ஏசி இருக்குமே என்று ஸ்டான்ஃபோர்டில் நடந்த ஒரு விருந்தினர் உரையில் போய் உட்கார்ந்தார். பேசியவர் பீட்டர் தீல் என்ற முதலீட்டாளர். கேட்க வந்தவர்கள் அரை டஜன் பேர்தான், அதனால் உரை முடிந்ததும் போய்ப் பேச முடிந்தது. மறுபடி காலை உணவுக்குச் சந்தித்தார்கள், லெவ்சின் தன் யோசனைகளைச் சொன்னார், தீல் முதலீடு செய்யச் சம்மதித்தார். அந்த 1998 டிசம்பரில் கம்பெனி பதிவானது. பின்னால் அதன் பெயர் கான்ஃபினிட்டி ஆனது, லெவ்சின் சிடிஓ, அதாவது தொழில்நுட்பத் தலைவர், தீல் சிஇஓ.

இங்கேதான் அவர் எப்படிப்பட்ட எஞ்சினியர் என்று பார்க்க வேண்டும். அப்போது பாம் பைலட் என்ற கையடக்கக் கருவி பிரபலம், உள்ளே 16 மெகாஹெர்ட்ஸ் பிராசசர். இன்றைய சாதாரண மொபைலோடு ஒப்பிடவே முடியாத வேகம், தகவலை மற்றவர் படிக்க முடியாதபடி மாற்றும் குறியாக்கக் கணக்கு போட்டால் திணறும். லெவ்சினுக்குக் குறியாக்கத்தில் பைத்தியம், கல்லூரிக் காலத்திலிருந்தே. அந்தச் சின்னக் கருவியில் குறியாக்கத்தை வேகமாக ஓட்டக் கற்றுக்கொண்டார். அந்தத் திறமை கையில் இருந்தது, அதற்கு வாடிக்கையாளர்தான் இல்லை. கருவிக்குப் பாதுகாப்பு மென்பொருள் என்று தொடங்கினார்கள், யாரும் வாங்கவில்லை. சரி, ரகசியத் தகவலைப் பூட்டி வைக்கும் பர்ஸ் மாதிரி செய்யலாம் என்றார்கள், அதற்கும் ஆள் இல்லை. கடைசியில், நான் உனக்குப் பத்து டாலர் தர வேண்டும் என்று ஒரு கருவியிலிருந்து இன்னொன்றுக்குக் கையெழுத்திட்டு அனுப்பலாமே என்று வந்தது. நம் பாஷையில் சொன்னால் மின்னணு புரோநோட். அதிலிருந்து பணத்தையே அனுப்பலாம் என்பதற்கு வர ஒரு எட்டுதான். அந்தச் சேவைக்கு வைத்த பெயர்தான் பேபால்.

1999 ஜூலையில் உட்சைட் என்ற ஊரில் பக்ஸ் என்ற உணவகத்தில் ஒரு நிகழ்ச்சி. நோக்கியாவின் முதலீட்டு நிறுவனம் முதலானவர்கள் போட்ட 45 லட்சம் டாலர் முதலீட்டை, பத்திரிகைக்காரர்கள் முன்னால், ஒரு பாம் பைலட்டிலிருந்து இன்னொன்றுக்கு அனுப்பிக் காட்ட வேண்டும். திரையில் 'பணம் வந்தது' என்று காட்டும் பொம்மை டெமோ ஒன்று போதும், யாருக்கும் வித்தியாசம் தெரிந்திருக்காது. லெவ்சினுக்கு அது அவமானமாகப் பட்டது. குறியாக்கம் முதல் எல்லாம் உண்மையாக ஓட வேண்டும் என்று அவரும் இன்னும் இரண்டு பேரும் ஐந்து நாள் கிட்டத்தட்டத் தூங்காமல் கோட் எழுதினார்கள். விடிகாலையில் முடித்து, ஓடிப்போய் அனுப்பிக் காட்டினார்கள், பணம் போய்ச் சேர்ந்தது. அப்புறம் ஆம்லெட் ஆர்டர் செய்தவர் மேஜையிலேயே தூங்கிவிட்டார். கண் விழித்தால் பக்கத்தில் ஆறிப்போன ஆம்லெட், கூட வந்தவர்கள் எல்லோரும் போய்விட்டார்கள், தூங்கட்டும் என்று விட்டுவிட்டிருக்கிறார்கள்.

இவ்வளவு பாடுபட்டும் பாம் பைலட்டில் பணம் அனுப்பியவர்கள் உச்சத்தில் ஏறக்குறைய 12,000 பேர்தான். ஆனால் அதை விளக்குவதற்காக வைத்த வலைத்தளத்தில், மின்னஞ்சல் முகவரிக்குப் பணம் அனுப்பும் ஒரு சின்ன வசதியும் இருந்தது. அதை ஈபே என்ற இணைய ஏலத் தளத்தில் பழைய பொருள் விற்பவர்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். உங்கள் லோகோவை எங்கள் ஏலப் பக்கத்தில் போட்டுக்கொள்ளலாமா என்று கேட்டு எழுதினார்கள். இவர்களோ முதலில் அவர்களை விரட்டப் பார்த்தார்கள், நமக்குத் தேவையான ஆட்கள் இவர்கள் இல்லையே என்று. கொஞ்ச நாளில் வலைத்தளத்தில் பத்து லட்சத்துக்கும் மேல் பயனர்கள். ஆசை ஆசையாக எழுதிய பாம் பைலட் மென்பொருளை 2000 முடிவதற்குள் மூடிவிட்டார்கள். நீங்களும் ஒரு பொருளைக் கட்டினால் அதை வேறு யாரோ வேறு எதற்கோ எடுத்துப்போவார்கள். அப்போது கோபப்படாமல் அவர்கள் பின்னால் போக முடியுமா என்று இப்போதே யோசித்து வையுங்கள்.

2000 மார்ச்சில் எலான் மஸ்க்கின் எக்ஸ்.காம் நிறுவனத்தோடு இணைப்பு, அதில் சர்வர்களை ஓட்டுவது யூனிக்ஸா விண்டோஸா என்று பெரிய சண்டை, அந்த வருடம் செப்டம்பரில் மஸ்க் தலைமையை இழந்தது, தீல் திரும்பி வந்தது இதையெல்லாம் பலர் எழுதிவிட்டார்கள். உங்கள் கேள்விக்கு அதைவிட முக்கியமானது, அதே சமயம் கம்பெனிக்குள் நடந்துகொண்டிருந்த வேறொன்று.

ஒரு திருடனிடம் திருட்டு கிரெடிட் கார்டு எண் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். பேபாலில் ஒரு பொய்க் கணக்கு திறக்கிறான், கார்டிலிருந்து 200 டாலரை இன்னொரு பொய்க் கணக்குக்கு அனுப்புகிறான், அங்கிருந்து வங்கிக்கு எடுத்துக்கொள்கிறான். அன்றைக்கு பேபாலின் கணக்கில் இது ஒரு நல்ல பரிவர்த்தனை. இரண்டு புதுப் பயனர்கள், 200 டாலர் வியாபாரம், வளர்ச்சி வரைபடம் மேலே போகிறது. ஒரு மாதம் கழித்துக் கார்டின் சொந்தக்காரர் பில்லைப் பார்த்து, இது நான் செய்யவில்லையே என்று வங்கியிடம் சொல்கிறார். வங்கி பணத்தை பேபாலிடமிருந்து திரும்பப் பிடித்துக்கொள்கிறது. இதற்குப் பெயர்தான் சார்ஜ்பேக். திருடன் எப்போதோ போய்விட்டான், நஷ்டம் முழுக்க பேபாலுக்கு. அதாவது இன்றைக்கு நீங்கள் கொண்டாடும் வளர்ச்சியில் எத்தனை பங்கு திருட்டு என்பது உங்களுக்கு அடுத்த மாதமோ அதற்கு அடுத்த மாதமோதான் தெரியும். போதாக்குறைக்கு, புதிதாகச் சேர்ந்தால் 10 டாலர், சேர்த்துவிட்டால் 10 டாலர் என்று அவர்களே பணம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். 2000-ல் மாதம் ஒரு கோடி டாலருக்கும் மேல் கையிருப்பு கரைந்தது, மோசடி அதில் பெரிய ஓட்டை.

நானும் இதைச் சின்ன அளவில் பார்த்திருக்கிறேன். நான் முன்பு வேலை செய்த ஒரு நிறுவனத்தில் ஒரு வெள்ளிக்கிழமை இரவு 1 ரூபாய், 2 ரூபாய் பரிவர்த்தனைகள் நூற்றுக்கணக்கில் வர ஆரம்பித்தன. திருடிய கார்டு உயிரோடு இருக்கிறதா என்று யாரோ சோதித்துப் பார்க்கிறார்கள். டேஷ்போர்டில் பார்த்தால் 'பரிவர்த்தனை எண்ணிக்கை அதிகரிப்பு' என்று பச்சை அம்பு. மார்க்கெட்டிங்கில் இருந்த ஒருவர் வாழ்த்து கூட அனுப்பினார். திங்கட்கிழமை பெரிய தொகைகள் போயின. அந்தப் பச்சை அம்பைப் பார்த்தால் இப்போதும் எனக்கு வயிற்றைக் கலக்கும்.

லெவ்சின் என்ன செய்தார் என்றால், சிடிஓவாக இருந்துகொண்டே இதைத் தன் சொந்த வேலையாக எடுத்துக்கொண்டார். பாதுகாப்பு என்றால் அதுவரை அவருக்குக் குறியாக்கம். பூட்டு எவ்வளவு பலமாக இருந்தாலும், சாவியோடு உள்ளே வருபவனே திருடன் என்றால் பூட்டால் என்ன பயன்? ஆகவே கணக்குகளுக்கு நடுவே பணம் ஓடும் பாதையை வரைபடமாகக் காட்டும் மென்பொருள் ஒன்றைக் கட்டினார்கள். இவர்களைப் படாத பாடு படுத்திய, மின்னஞ்சலில் சீண்டிக்கொண்டே இருந்த ஒரு ரஷ்ய மோசடிக்காரனின் பெயரையே அதற்கு வைத்தார்கள்: இகோர். அதுவரை விசாரணை டீம் ஒவ்வொரு கணக்காகக் கையால் தேடிச் சேர்த்துக்கொண்டிருந்தது. இகோர் சந்தேகமான கணக்குகளைக் கொத்தாகப் பிரித்துக் கொடுக்கும், மனிதர் பார்த்து முடிவெடுப்பார். முழுவதையும் மெஷினிடம் விடவில்லை. முழுவதையும் மனிதர் தலையில் கட்டவும் இல்லை. மெஷின் கூட்டிப் பெருக்கித் தரட்டும், மனிதன் மோப்பம் பிடிக்கட்டும். பெரிய தகவல் குவியல்களை அலசும் மென்பொருள் செய்கிற பாலண்டிர் என்ற நிறுவனமே இந்த அணுகுமுறையிலிருந்து கிளைத்ததுதான்.

இன்னொன்று, உங்களுக்கே தெரிந்தது. வலைப்பக்கத்தில் கோணல் மாணலாக எழுத்துகளைக் காட்டி, படித்து டைப் செய் என்று கேட்பார்களே, அந்த கேப்சாவை வணிக அளவில் முதலில் பயன்படுத்தியவர்களில் பேபால் ஒன்று. டேவிட் காஸ்பெக் என்ற எஞ்சினியரும் லெவ்சினும் செய்தது, அதற்கு அவர்கள் இருவர் பெயரும் உண்டு. ரோபோ புரோகிராம் வைத்து ஆயிரக்கணக்கில் பொய்க் கணக்கு திறந்தவர்களை அது நிறுத்தியது. இதே காலத்தில் ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகரிலிருந்து இரண்டு பேர் இப்படிப் பல அமெரிக்கத் தளங்களைத் தாக்கினார்கள், பேபாலும் அதில் ஒன்று. எஃப்பிஐ பொய்யாக ஒரு கம்பெனி தொடங்கி, வேலை தருகிறோம் வாருங்கள் என்று சியாட்டிலுக்கு வரவழைத்து 2000 நவம்பரில் பிடித்தது.

பேபாலில் இன்னொரு நல்ல யோசனை ஒரு இந்தியருடையது, சஞ்சய் பார்கவா. உங்கள் வங்கிக் கணக்கு உங்களுடையதுதானா என்று தெரிய ஒரு டாலருக்கும் குறைவான இரண்டு சின்னத் தொகைகளைப் போட்டுவிட்டு, எவ்வளவு வந்தது சொல்லுங்கள் என்று கேட்பது. சொந்தக்காரருக்குத்தானே தெரியும்! நம்மூரில் புதுச் செயலியில் வங்கிக் கணக்கைச் சேர்த்தால் 1 ரூபாய் வந்து விழுகிறதே, அதுவும் அந்த வம்சம்தான்.

2002 பிப்ரவரியில் பேபால் பங்குச்சந்தைக்கு வந்தது, ஜூலையில் 150 கோடி டாலருக்கு வாங்குவதாக ஈபே அறிவித்தது. லெவ்சினின் பங்கு சுமார் 3.4 கோடி டாலர், வயது 27. பணம் அனுப்பும் வசதியை அப்போது வேறு பலரும் வைத்திருந்தார்கள், ஈபே தானே பில்பாயிண்ட் என்று ஒன்று வைத்திருந்தது, சிட்டி வங்கியின் சி2ஐடி 2003-ல் மூடப்பட்டது. பேபால் பிழைத்ததற்குக் காரணம் பலர் பலவிதமாகச் சொல்வார்கள். என் கருத்தில் முதல் காரணம், திருடனைக் கண்டுபிடிக்க மற்றவர்களைவிட முன்னால் கற்றுக்கொண்டது. எஞ்சினியராக இருந்தவர் நிதித்தொழில் முனைவோராக மாறிய இடம் என்று ஒன்றைக் காட்டச் சொன்னால், பக்ஸ் உணவகத்தை நான் காட்ட மாட்டேன், சார்ஜ்பேக் பட்டியலோடு உட்கார்ந்த அந்த மாதங்களைத்தான் காட்டுவேன்.

இப்போது கிரெடிட் ஸ்கோருக்கு வருவோம். பேபால் பங்குச்சந்தைக்கு வந்த பிறகு, கையில் கோடிக்கணக்கில் சொத்து இருக்கும்போது, லெவ்சின் கார் வாங்கப் போனார். கடன் கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். கல்லூரிக் காலத்தில் கட்டாமல் விட்ட கார்டு பாக்கி அவர் பெயரில் அப்படியே கறையாக இருந்தது. அவரால் ரொக்கம் கொடுத்து வாங்க முடிந்தது. ஆனால் அந்த எண் எவ்வளவு குருடு என்று அப்போது உறைத்தது. இன்றைக்கு இந்த ஆளால் கட்ட முடியுமா என்பதை அது பார்க்கவில்லை, அன்றைக்கு என்ன செய்தான் என்பதை மட்டும் பார்த்தது.

ஆனால் உடனே கடன் கம்பெனி தொடங்கவில்லை. 2004-ல் ஸ்லைடு என்ற கம்பெனி, சமூக வலைத்தளங்களுக்குப் புகைப்பட விளையாட்டுச் செயலிகள் செய்தது. 2010-ல் கூகுள் 18.2 கோடி டாலருக்கு வாங்கி, அடுத்த வருடம் மூடியது. அதே 2004-ல் பேபாலில் கூட வேலை செய்த ஜெரமி ஸ்டாப்பல்மன், ரஸல் சிம்மன்ஸ் இருவருக்கும் 10 லட்சம் டாலர் கொடுத்தார், அது கடைகள், உணவகங்களைப் பற்றி மக்கள் விமர்சனம் எழுதும் யெல்ப் தளம் ஆனது, 2015 வரை அதன் தலைவராக இருந்தார். ஸ்லைடு பற்றி இதற்கு மேல் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை. அது அவருடைய கேள்வி இல்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

2012-ல் அஃபர்ம். கூடத் தொடங்கியவர்களில் ஒருவர் பாலண்டிரைத் தொடங்கியவர்களில் ஒருவரான நேதன் கெட்டிங்ஸ். மோசடி பிடித்த அனுபவத்தைக் கடன் கொடுப்பதற்குத் திருப்பினார்கள். கணக்கு எப்படி என்று ஒரு உதாரணம் சொல்கிறேன். 600 டாலருக்கு ஒரு மெத்தை வாங்குகிறீர்கள், 15 சதவீத ஆண்டு வட்டி, 12 மாதத் தவணை. மாதம் சுமார் 54 டாலர் 15 சென்ட், மொத்த வட்டி ஏறக்குறைய 50 டாலர். இந்த 50 டாலரை வாங்கும் முன்பே திரையில் காட்டிவிடுகிறார்கள். ஒரு மாதம் கட்டத் தவறினால் அபராதம் இல்லை, வட்டிக்கு வட்டி இல்லை, 50 டாலர் 50 டாலர்தான். சில கடைகளில் வட்டியே 0 சதவீதம், அங்கே வாங்குபவருக்குப் பதிலாகக் கடைக்காரர் அஃபர்முக்குக் கமிஷன் கொடுக்கிறார்.

இதில் இருக்கும் சூட்சுமத்தைக் கவனியுங்கள். கிரெடிட் கார்டு நிறுவனத்துக்கு நீங்கள் தேதி தவறினால் வருமானம். அபராதம் வாங்குவதில்லை என்று அஃபர்ம் தன் கையைத் தானே கட்டிக்கொண்டுவிட்டது, ஆகவே நீங்கள் தவறினால் அதற்கு நஷ்டம் மட்டும்தான். அப்படியானால் கடன் கொடுக்கும் முன்பே சரியாக ஆளைக் கணித்தாக வேண்டும், முடியாதவரிடம் முடியாது என்று சொல்லியாக வேண்டும். ஒவ்வொரு பொருள் வாங்கும்போதும் புதிதாகக் கணிக்கிறார்கள், கார்டு மாதிரி ஒரு லிமிட்டைக் கொடுத்துவிட்டு விட்டுவிடுவதில்லை. எங்கள் தெரு மளிகைக்கடை அண்ணாச்சியும் இப்படித்தான், அரிசிக்கு நோட்டில் எழுதுவார், அதே ஆள் பண்டிகைக்குப் பெரிய தொகை கேட்டால் ஒரு நிமிடம் முகத்தைப் பார்ப்பார். அவருக்குத் தெருவில் நூறு குடும்பம். கோடிக்கணக்கான பேருக்கு அந்த ஒரு நிமிடத்தைக் கணக்காக எழுத முடியுமா என்பதுதான் லெவ்சின் எடுத்துக்கொண்ட வேலை.

குறைகளும் இருக்கின்றன, மறைக்கக் கூடாது. அஃபர்மின் வட்டி 36 சதவீதம் வரை போகும், அது ஏழைக்குச் சின்ன வட்டி இல்லை. வாங்கும் இடத்திலேயே கடன் கிடைப்பதால் தேவையில்லாததையும் வாங்கிவிடுகிறோம், இது மனித சுபாவம். பல தவணைக் கம்பெனிகளில் ஒரே ஆள் கடன் வாங்கினால் அது கிரெடிட் அறிக்கைகளில் சரியாகத் தெரியாமல் இருந்தது. 2025 ஏப்ரலிலிருந்துதான் தன் எல்லாத் தவணைக் கடன்களையும், இந்த அறிக்கைகளைத் தயாரிக்கும் எக்ஸ்பீரியன் நிறுவனத்துக்கு அஃபர்ம் தெரிவிக்க ஆரம்பித்தது. அபராதம் இல்லை என்ற ஒன்றை வைத்து நல்லவர் என்று முடிவுகட்டாதீர்கள், ஆனால் அந்த ஒன்று மற்ற எல்லா முடிவுகளையும் இழுத்துவிடுகிறது என்பதைப் பாருங்கள்.

புரோகிராமர்கள் மறந்துவிடும் விஷயம் ஒன்று: கடன் கொடுக்கும் பணம் எங்கிருந்து வருகிறது? அஃபர்ம் ஒரு வங்கி இல்லை. கிராஸ் ரிவர் போன்ற கூட்டாளி வங்கிகள் கடனைக் கொடுக்கும், அதை அஃபர்ம் வாங்கிக்கொள்ளும், அப்புறம் அந்தக் கடன்களைக் கட்டாகக் கட்டிக் கடன் பத்திரங்களாக்கி முதலீட்டாளர்களுக்கு விற்கும், அல்லது அடமானமாக வைத்துப் பணம் புரட்டும். வட்டி விகிதம் குறைவாக இருக்கும்வரை இது சுகமான ஏற்பாடு. 2021 ஜனவரி 13 அன்று நாஸ்டாக் பங்குச்சந்தையில் 49 டாலருக்கு வெளியிட்ட பங்கு, முதல் நாளே 97 டாலரைத் தாண்டி முடிந்தது. ஆகஸ்டில் அமேசானோடு ஒப்பந்தம், நவம்பரில் 160 டாலருக்கும் மேலே. அடுத்த வருடம் அமெரிக்க மத்திய வங்கி வட்டியை ஏற்றிக்கொண்டே போனது, அஃபர்ம் புரட்டும் பணத்தின் விலை ஏறியது, 2022 முடிவில் பங்கு 10 டாலருக்கும் கீழே. மென்பொருளில் ஒரு வரி கூடப் பிழை இல்லாமல் இருந்தாலும் இது நடந்திருக்கும்.

2023 பிப்ரவரியில் ஊழியர்களில் 19 சதவீதம் பேரை அனுப்ப வேண்டியிருந்தது, வருமானம் வருவதற்கு முன்னாலேயே அதிகம் பேரை எடுத்துவிட்டேன், தப்பு என்னுடையது என்று லெவ்சின் எழுதினார். ஒரே வாடிக்கையாளரை நம்பும் ஆபத்தும் அவருக்கு நேர்ந்தது: 2020 நிதியாண்டில் வருமானத்தில் 28 சதவீதம் பெலோட்டன் என்ற உடற்பயிற்சி சைக்கிள் கம்பெனி ஒன்றிடமிருந்தே வந்தது, கோவிட் முடிந்ததும் அதன் விற்பனை சரிந்தது. 2025 மார்ச்சில் வால்மார்ட், கிளார்னா என்ற போட்டிக் கம்பெனி பக்கம் போய்விட்டது. இன்னொரு பக்கம், சொந்தத் தவணைக் கடன் தொடங்கிய ஆப்பிள் 2024-ல் அதைக் கைவிட்டது, அதன் ஆப்பிள் பே என்ற பணம் செலுத்தும் சேவைக்குள் அஃபர்ம் வந்தது. 2025 ஜூனில் முடிந்த நிதியாண்டில் 3,600 கோடி டாலருக்கும் மேலான வியாபாரம் அஃபர்ம் வழியாக நடந்தது, முழு ஆண்டுக்கு லாபம் வந்தது. தொடங்கிப் பதிமூன்று வருடம் ஆகியிருந்தது.

பழைய காதலை அவர் விடவுமில்லை. நடைமுறையில் பயன்படும் குறியாக்கத்துக்குத் தன் பெயரில் ஒரு விருதை ஆண்டுதோறும் கொடுக்கிறார். 2017-ல் அதை வாங்கியவர்களில் சிக்னல் செயலியின் குறியாக்கத்தைச் செய்த மாக்ஸி மார்லின்ஸ்பைக், டிரெவர் பெர்ரின் இருவரும் உண்டு. இன்றைக்கு உங்கள் வாட்ஸ்அப் செய்தியைப் பாதுகாப்பதும் அந்தக் குறியாக்கம்தான்.

வேலையை விடலாமா என்று கேட்டீர்கள். இப்போது வேண்டாம். நீங்கள் இருப்பது வங்கி மென்பொருளில், அது பெரிய வாய்ப்பு, லெவ்சினுக்கு இருபத்து மூன்று வயதில் அது இல்லை. உங்கள் வங்கியில் சார்ஜ்பேக், புகார், வாராக்கடன் பார்க்கிற டீம் எது என்று விசாரியுங்கள், மென்பொருள் எழுதுபவர்கள் யாரும் போக விரும்பாத டீமாக இருக்கும், உங்களை மகிழ்ச்சியாகச் சேர்த்துக்கொள்வார்கள். ஆறு மாதம் அங்கே உட்காருங்கள். தினமும் பத்துப் புகாரை முழுவதுமாகப் படியுங்கள், பணம் எந்தக் கணக்கிலிருந்து கிளம்பி எங்கே தங்கி எங்கே மறைந்தது என்று தாளில் கையால் வரையுங்கள். அதில் எந்த இடத்தில் நிறுத்தியிருக்கலாம் என்று ஒரு வரி எழுதி வையுங்கள். அந்த நோட்டு நிரம்பிய பிறகு என்ன கம்பெனி தொடங்குவது என்ற கேள்வியோடு வாருங்கள், அப்போது உட்கார்ந்து பேசுவோம்.